"பட்டார்" என்று எழுதாதீர்கள்: ஃபேனி ஜாக்சன் காப்பினின் வாழ்க்கையை வகுப்பில் சொல்வது எப்படி

ஆசிரியர் பயிற்சி நிறுவனத்தில் இருபத்தெட்டு ஆண்டுகள் பாடம் நடத்தி ஓய்வு பெற்றவள் நான். இப்போதும் ஆண்டுக்கு நான்கைந்து முறை யாராவது அழைக்கிறார்கள். போய், ஃபேனி ஜாக்சன் காப்பினின் வாழ்க்கையைப் பயிற்சி மாணவியருக்குச் சொல்லிவிட்டு வருகிறேன். "இனி நாங்களே சொல்லிக்கொள்கிறோம் மேடம், எப்படிச் சொல்வது என்று மட்டும் எழுதிக் கொடுங்கள்" என்று இளம் விரிவுரையாளர்கள் இருவர் கேட்டார்கள். அவர்களுக்காக எழுத உட்கார்ந்தேன். வேண்டியவர்கள் யாரும் எடுத்துக்கொள்ளலாம்.

முதலில் உங்களுக்காகச் சுருக்கம். 1837இல் வாஷிங்டன் நகரில் அடிமைத் தாய்க்குப் பிறந்தவர். 1865இல் ஒஹையோ மாநிலத்தின் ஓபர்லின் கல்லூரியில் பட்டம் வாங்கினார். அதே ஆண்டு ஃபிலடெல்ஃபியாவில் கறுப்பின இளைஞர்களுக்காக இருந்த கல்வி நிறுவனத்துக்கு ஆசிரியராகப் போனார். 1869 முதல் 1902 வரை அதன் முதல்வராக இருந்து, ஆசிரியர்களை உருவாக்குவதையே வாழ்நாள் வேலையாகச் செய்தார். 1913இல் காலமானார். இது உங்கள் பாடக் குறிப்பில் இருக்கட்டும். வகுப்பை இப்படித் தொடங்காதீர்கள்.

நான் அப்படித்தான் தொடங்கினேன். கரும்பலகையில் ஆண்டுகளை வரிசையாக எழுதிவிட்டு என் குறிப்பைப் பார்த்துச் சொல்லிக்கொண்டே போனேன்: விடுவிக்கப்பட்டார், அனுப்பப்பட்டார், சேர்க்கப்பட்டார், நியமிக்கப்பட்டார், பாராட்டப்பட்டார், கௌரவிக்கப்பட்டார். மாணவிகள் தலை குனிந்து எழுதிக்கொண்டிருந்தார்கள். முடிந்ததும் கடைசி வரிசையில் இருந்த ஒரு பெண் எழுந்து, "மேடம், எல்லாம் அவருக்கு நடந்ததாகவே இருக்கிறது. அவர் என்னதான் செய்தார்?" என்று கேட்டாள். அவள் குறும்புக்காகக் கேட்கவில்லை. எனக்கு அன்று பதில் வரவில்லை.

வீட்டுக்குப் போய் காப்பின் எழுதிய ஒரே புத்தகத்தை மறுபடி எடுத்தேன். அவருடைய பள்ளி வாழ்க்கை நினைவுகளும் ஆசிரியர்களுக்கான குறிப்புகளும் அதில் இருக்கின்றன. குறிப்புகளில் ஓர் இடத்தில் அவர் சொல்கிறார்: கல்வியைச் செயப்பாட்டு வினை என்னும் சேற்றிலிருந்து தூக்கி எடுக்க வேண்டும். சின்ன மேரி கல்வி புகட்டப்படுவதற்காகப் பள்ளிக்குப் போகிறாள், ஜானும் அதற்காகவே உயர்நிலைப் பள்ளிக்குப் போகிறான். இப்படி விடாமல், குழந்தையின் மனத்தையும் உடம்பையும் தொடக்கத்திலேயே வேலை செய்யவைக்க வேண்டும் என்கிறார். முன்பு எத்தனையோ முறை படித்த இடம்தான். அன்று என்னைக் குறித்தே எழுதியதுபோல் இருந்தது. செயப்பாட்டு வினையே கூடாது என்று சொன்னவரின் வாழ்க்கையை நான் செயப்பாட்டு வினையிலேயே சொல்லி முடித்திருக்கிறேன்!

ஆகவே இந்த வகுப்புக்கு ஒரே ஒரு விதி. ஒவ்வொரு "பட்டார்" வரும்போதும் நின்று, யார் செய்தார் என்று கேளுங்கள். பெயர் கிடைத்தால் அந்தப் பெயரை எழுவாயாக வைத்து வாக்கியத்தைத் திருப்பிச் சொல்லுங்கள். ஆசைப்பட்டார், புறப்பட்டார், கஷ்டப்பட்டார் எல்லாம் இதில் சேராது, அவை செய்வினைதான். தமிழ் படித்த மாணவி ஒருத்தி இதைக் கட்டாயம் கேட்பாள், தயாராகப் போங்கள்.

இரண்டு பாடவேளை வேண்டும். ஒன்றில் அடக்கப் பார்த்தால் நடுப்பகுதி நசுங்கும், நடுப்பகுதிதான் உயிர். துணைக்கருவி என்று பெரிதாக ஒன்றும் தேவையில்லை. அமெரிக்காவின் கிழக்குப் பகுதி வரைபடம் ஒன்று, அதில் ஆறு புள்ளிகள்: வாஷிங்டன், நியூ பெட்ஃபோர்டு, நியூபோர்ட், பிரிஸ்டல், ஓபர்லின், ஃபிலடெல்ஃபியா. பிறகு சாக்பீஸ். மாணவிகள் ஆளுக்கொரு தாள். போதும்.

ஒரு சொல் மரியாதையைப் பற்றி. ஆங்கிலத்தில் குழந்தைக்கும் கிழவிக்கும் ஒரே சொல்தான். தமிழில் நமக்கு "அவள்", "அவர்" என்று இரண்டு இருக்கிறது. கறுப்பினத்தவர் எவ்வளவு வயதானவராக இருந்தாலும் வெறும் பெயரைச் சொல்லி அழைத்த நாடு அது, காலம் அது. நான் கைக்குழந்தை ஃபேனியையும் "அவர்" என்றே சொல்கிறேன். சில மாணவிகளுக்கு முதலில் வேடிக்கையாக இருக்கும். விளக்கம் சொல்லாமல் தொடர்ந்து சொல்லுங்கள், பாதி வகுப்புக்குள் அவர்களும் அப்படியே பேசத் தொடங்குவார்கள்.

சரி, தொடக்கம். உள்ளே போனதும் வணக்கம் வாங்கிக்கொண்டு, ஒன்றும் பேசாமல் கரும்பலகையில் இரண்டு எண்களை எழுதுங்கள்.

6
125

"மாதச் சம்பளம் ஆறு டாலர். சேர்க்க வேண்டியது நூற்று இருபத்தைந்து. எத்தனை மாதம்?" என்று கேளுங்கள். இருபத்தொன்று என்று உடனே பதில் வரும். "சாப்பிடாமல், துணி வாங்காமல், ஒரு காசுகூடச் செலவழிக்காமல் இருந்தால்தானே இருபத்தொன்று?" என்று அடுத்து கேளுங்கள். வகுப்பு மௌனமாகும். மாதம் ஒரு டாலர் மிச்சம் பிடித்தால் எத்தனை ஆண்டு, இரண்டு டாலர் பிடித்தால் எத்தனை ஆண்டு என்று அவர்களே கணக்குப் போடட்டும். பத்து ஆண்டுக்கு மேல் என்று ஒருத்தி சொல்வாள், ஐந்து ஆண்டுக்கு மேல் என்று இன்னொருத்தி. அதற்குப் பிறகு, எதற்காக அந்தப் பணம் என்று சொல்லுங்கள். வாஷிங்டனில் மாதம் ஆறு டாலருக்கு வேலை பார்த்த சேரா என்ற பெண், நூற்று இருபத்தைந்து டாலர் சேர்த்து, தன் உடன்பிறந்தவளின் குழந்தையை விலைக்கு வாங்கினார். விடுதலை செய்வதற்காக வாங்கினார்.

"ஃபேனி விடுவிக்கப்பட்டார்" என்று எழுதினால் இந்தச் சேரா ஆர் கிளார்க் காணாமல் போய்விடுகிறார். இதற்காகத்தான் அந்த விதி.

உறவுமுறையில் கவனமாக இருங்கள். "ஆன்ட்" என்பதைப் பார்த்ததும் அத்தை என்று எழுதிவிடுகிறோம். சேரா தாயின் உடன்பிறந்தவர், அத்தை ஆக மாட்டார். பின்னால் ஃபேனியை நியூபோர்ட்டுக்கு அழைத்துப் போன எலிசபெத் ஆர் திருமண வழியில் உறவானவர். அவரை வேண்டுமானால் அத்தை என்று சொல்லலாம். ஒருவர் பணம் சேர்த்து மீட்டார், இன்னொருவர் வீட்டில் இடம் கொடுத்தார். இரண்டு பேரையும் ஒரே சொல்லில் கலந்துவிட்டால் மாணவிகளுக்கு ஒரே ஆள் என்றே பதியும்.

தாத்தாவைப் பற்றியும் மறைக்காமல் சொல்லுங்கள். அவர் தன் விடுதலையையும் தன் பிள்ளைகள் சிலரின் விடுதலையையும் பணம் கொடுத்து வாங்கியவர். ஃபேனியின் தாய் லூசியை மட்டும் வாங்க மறுத்தார். ஃபேனியின் பிறப்பே அதற்குக் காரணம். காப்பின் இதை ஒரே வாக்கியத்தில், குறை சொல்லாமல் எழுதிவிட்டு நகர்கிறார். நீங்களும் ஒரே வாக்கியத்தில் சொல்லிவிட்டு நகருங்கள். "பாவம்" என்று உச்சுக் கொட்ட வகுப்புக்கு நேரம் கொடுக்காதீர்கள்.

அடுத்து மாணவிகளிடம் இருக்கும் தாளை எடுக்கச் சொல்லுங்கள். திங்கள் முதல் வெள்ளி வரை ஒரு வாரக் கால அட்டவணை போடட்டும். விடுதலைக்குப் பின் ஃபேனியை மாசசூசெட்ஸ் மாநிலத்தின் நியூ பெட்ஃபோர்டில் ஒரு வீட்டில் வேலைக்கு விட்டார்கள். வேலை இல்லாத நாளில் பள்ளிக்குப் போகலாம் என்பது ஏற்பாடு. துணி துவைக்கும் நாளில் போக முடியாது. இஸ்திரி போடும் நாளில் போக முடியாது. வீடு துடைத்துச் சுத்தம் செய்யும் நாளிலும் முடியாது. ஒவ்வொன்றாகச் சொல்லச் சொல்ல, அட்டவணையில் அந்த நாளை மாணவிகளே அடிக்கட்டும். மிச்சம் இருக்கும் கட்டங்களைப் பார்த்து அவர்கள் முகம் மாறுவதை நான் ஒவ்வொரு முறையும் பார்த்திருக்கிறேன். வகுப்பில் இரண்டு மூன்று பேருக்கு இது புதிய செய்தியாக இருக்காது. அவர்களைக் கைகாட்டிப் பேசவைக்காதீர்கள். அவர்களாகச் சொன்னால் கேளுங்கள்.

நியூபோர்ட்டை வேகமாகக் கடக்கலாம். பதினான்கு வயதில், உறவினருக்குப் பாரமாக இருக்கக் கூடாது என்று முடிவு செய்து, ஜார்ஜ் கால்வெர்ட் என்ற செல்வந்தர் வீட்டில் தானே வேலை தேடிக்கொண்டார். ஒருநாள் விட்டு ஒருநாள் பிற்பகலில் ஒரு மணி நேரம் தனிப்பாடம் படித்தார். பியானோவும் கித்தாரும் கற்றார். கால்வெர்ட்டின் மனைவி தையலும் பின்னல் துணி பராமரிப்பும் சொல்லிக்கொடுத்தார். அந்த வீட்டில் மகிழ்ச்சியாகவே இருந்தார் என்பதை விட்டுவிடாதீர்கள், முக்கியம். விடைபெறும்போது, பணம் கூடக் கொடுத்தால் இருப்பாயா என்று அந்த அம்மாள் கேட்டார். படிக்க வேண்டும், என் மக்களுக்குக் கற்பிக்க வேண்டும் என்ற எண்ணம் யாரும் உபதேசித்து வந்ததல்ல, கூடவே பிறந்திருக்க வேண்டும் என்று காப்பின் பிற்காலத்தில் எழுதினார். வசதி ஒருபக்கம் இழுக்கும்போது கிளம்பியவர் அவர். துன்பம் துரத்தி ஓடியவராகச் சொன்னால் அது வேறு யாருடைய கதையோ ஆகிவிடும்.

ரோட் தீவு மாநிலத்தின் பிரிஸ்டலில் இருந்தது நார்மல் பள்ளி. இங்கே நிறுத்தி அந்தச் சொல்லை விளக்குங்கள். நார்மல் பள்ளி என்றால் ஆசிரியர் பயிற்சிப் பள்ளி. கற்பித்தலுக்கான நெறியை, அளவுகோலைத் தருவது என்ற பொருளில் வந்த பெயர். சைதாப்பேட்டை ஆசிரியர் கல்லூரியும் 1856இல் நார்மல் பள்ளி என்றே தொடங்கியது என்று சொன்னால் மாணவிகளுக்குச் சட்டென்று நெருக்கம் வரும். பிரிஸ்டலில் பாடம் கேட்ட ஃபேனி, கற்பிப்பதை இவ்வளவு சுவையாக ஆக்க முடியுமா என்று தன்னையே கேட்டுக்கொண்டார். ஓர் ஆசிரியர் பிறந்த இடம் அது என்று நான் நினைக்கிறேன். நல்ல ஆசிரியர் ஒருவரைக் கண்ணால் பார்த்த இடம்.

படிப்பு முடிந்ததும், இப்போதுதான் படிக்கவே தொடங்கியிருக்கிறேன் என்ற உணர்வு அவருக்கு. 1860இல் ஓபர்லின் போனார். சேரா அப்போதும் உதவினார். மெதடிஸ்ட் பேராயர் டேனியல் பெய்ன் ஆண்டுக்கு ஒன்பது டாலர் உதவித்தொகை கொடுத்தார். கறுப்பினத்தவரையும் பெண்களையும் சேர்த்துக்கொண்ட அரிதான கல்லூரி அது. ஆனாலும் பெண்களுக்கு என்று சுருக்கமான ஒரு பாடத்திட்டம் தனியாக இருந்தது. லத்தீன், கிரேக்கம், கணிதம் நிறைந்த "ஆடவர் பாடத்திட்டத்தை" எடுக்கப் பெண்களுக்குத் தடை இல்லை, ஊக்கமும் இல்லை. ஃபேனி அதையே எடுத்தார். மூச்சை நன்றாக இழுத்துக்கொண்டு இன்பமான ஒரு போட்டிக்குத் தயாரானேன் என்று எழுதுகிறார். அந்த "இன்பமான" என்ற சொல்லைத் தவறவிடாமல் சொல்லுங்கள்.

இங்கே ஒரு காட்சி இருக்கிறது. இதை மட்டும் உட்கார்ந்து சொல்லுங்கள். பேராசிரியர் ஒருவரின் வீட்டில் தங்கியிருந்த மாணவிகள் தரையில் அமர்ந்து கிரேக்கப் பாடம் படித்துக்கொண்டிருந்தார்கள். மெய்ன் மாநிலத்திலிருந்து வந்த சதர்லாண்ட் என்ற வெள்ளைக்காரப் பெண் திடீரெனப் படிப்பதை நிறுத்தி, ஃபேனியை நிமிர்ந்து பார்த்தார். "ஃபேனி ஜாக்சன், நீ எப்போதாவது அடிமையாக இருந்தாயா?" என்று கேட்டார். ஃபேனி, ஆமாம் என்றார். அந்தப் பெண் அழுதுவிட்டார். அதற்குமேல் யாரும் ஒரு வார்த்தை பேசவில்லை. அந்தக் கண்ணீர், நடந்த கொடுமையில் கொஞ்சத்தைத் துடைத்ததுபோல் இருந்தது என்று காப்பின் எழுதுகிறார். கொஞ்சத்தை மட்டும்.

சொல்லி முடித்ததும் நீங்களும் பேசாதீர்கள். பத்து நொடி, பதினைந்து நொடி. புதிய விரிவுரையாளர்களுக்கு அந்த மௌனம் தாங்காது. "இதிலிருந்து என்ன தெரிகிறது?" என்று உடனே கேட்டுவிடுவார்கள். தயவுசெய்து கேட்காதீர்கள்.

ஓபர்லினில் இன்னும் இரண்டு விஷயங்கள். வகுப்பில் பதில் சொல்ல எழும்போதெல்லாம் ஆப்பிரிக்க இனம் முழுவதன் மானமும் தன் தோளில் இருந்ததாக அவர் உணர்ந்தார். தவறினால் நிறத்தின்மேல் பழி போடுவார்கள் என்று அவருக்குத் தெரியும். இரண்டாவது, கல்லூரியின் ஆயத்த வகுப்புக்குப் பாடம் நடத்தும் பொறுப்பை, மேல்வகுப்பு மாணவியான அவரிடம் பேராசிரியர்கள் கொடுத்தார்கள். பிள்ளைகள் எதிர்த்தால் வற்புறுத்த மாட்டோம் என்றும் முன்பே சொல்லிவைத்தார்கள். முதல்நாள் சில முகங்களில் வியப்பு. எதிர்ப்பு எழவில்லை. வகுப்பு பெருகிக்கொண்டே போய், இரண்டாகப் பிரித்தார்கள், இரண்டையும் அவரே நடத்தினார். உள்நாட்டுப் போரின்போது தெற்கிலிருந்து தப்பியும் விடுபட்டும் வந்தவர்களுக்கு மாலை வகுப்பும் தொடங்கினார். வயதான ஆண்கள் எழுத்துக் கூட்டி, ஒவ்வொரு சொல்லாகத் தடுமாறித் தொடர்ந்ததை அவர் மறக்கவே இல்லை.

ஃபிலடெல்ஃபியாவில் அந்தக் கல்வி நிறுவனத்தை நடத்திய குவேக்கர்கள், அதாவது அடிமைமுறையை எதிர்த்த ஒரு கிறித்தவப் பிரிவினர், ஓபர்லினுக்கு எழுதினார்கள்: கிரேக்கம், லத்தீன், உயர்கணிதம் கற்பிக்கக் கறுப்பினப் பெண் ஒருவர் வேண்டும். ஆள் இருக்கிறார், ஓராண்டு காத்திருக்க வேண்டும் என்று பதில் போனது. கிரேக்க வினைச்சொல்லை உருமாற்றிச் சொல்லும் ஒரு கறுப்பரைக் காட்டினால் என் கருத்தை மாற்றிக்கொள்கிறேன் என்று அடிமைமுறையின் பெரும் ஆதரவாளர் கால்ஹூன் சவால் விட்டதாக அப்போது ஒரு பேச்சு இருந்தது. குவேக்கர்கள் அதைச் சோதித்துப் பார்க்கலாம் என்று இறங்கினார்கள் என்கிறார் காப்பின்.

அடுத்த பகுதிக்கு முன் அந்த ஊர் அவரை எப்படி வரவேற்றது என்று சொல்லியாக வேண்டும். கொட்டும் மழையில் டிராம் வண்டியில் ஏறப் போனார். கண்டக்டர் ஏறவிடவில்லை. கறுப்பினத்தவருக்கான வண்டி வரும்வரை மழையில் நின்றார். "அனுமதி மறுக்கப்பட்டது" என்று எழுதினால், மறுத்த கை மறைந்துவிடும். கண்டக்டர் மறுத்தார். அவ்வளவுதான், அப்படியே சொல்லுங்கள். கல்வி நிறுவனத்தில் ஃபேனியோடு பணியாற்றிய ஆக்டேவியஸ் கேட்டோவை 1871 அக்டோபர் 10ஆம் தேதி, தேர்தல் நாளில், தெருவில் வைத்துச் சுட்டுக் கொன்றான் ஒருவன். கறுப்பின ஆண்கள் வாக்களிக்க வந்ததைப் பொறுக்காத வெள்ளையர் கலவரம் செய்த நாள் அது. சாட்சிகள் ஃப்ராங்க் கெல்லி என்பவனை அடையாளம் காட்டினார்கள்; 1877இல் ஜூரி அவனை விடுவித்தது. "கொல்லப்பட்டார்" என்ற சொல்லுக்குள் இத்தனை பேர் ஒளிந்துகொள்ள முடியும் என்று மாணவிகளுக்கு இந்த இடத்தில்தான் விளங்குகிறது. மொழி ஆசிரியராகப் போகிறவர்களுக்கு இதைவிட நல்ல இலக்கணப் பாடம் எனக்குத் தெரியாது.

மணி அடிக்கும். முதல் பாடவேளை இங்கே முடியட்டும்.

இரண்டாவது பாடவேளை முழுவதும் ஒரே ஒரு முடிவைப் பற்றி. நிறுவனத்தின் முதல்வராக இருந்த எபனேசர் பாசெட்டை 1869இல் ஜனாதிபதி கிராண்ட் ஹைத்தி நாட்டுக்குத் தூதராக அனுப்பினார். அந்த இடத்துக்கு ஃபேனி வந்தார். ரிச்சர்டு ஹம்ஃப்ரீஸ் என்ற குவேக்கர் தன் உயிலில் விட்டுச்சென்ற பத்தாயிரம் டாலரில் 1837இல் தோன்றிய நிறுவனம் அது. கறுப்பினத்தவரை ஆசிரியராகத் தகுதிப்படுத்த வேண்டும் என்று அந்த உயிலே சொல்கிறது. ஆனால் கிரேக்கமும் லத்தீனும் படித்து வெளியேறிய பிள்ளைகள் பள்ளிகளுக்குப் போய் நின்றபோது, பாடம் தெரிந்தது, பாடம் நடத்தத் தெரியவில்லை.

ஃபேனி ஆசிரியர் பயிற்சி வகுப்பு தொடங்கினார். முதலில் அதில் இருந்தவை பழைய பாடங்களின் மறுபார்வை, கற்பித்தல் கோட்பாடு, பள்ளி நிர்வாகம், கற்பித்தல் முறைகள். நம் பாடத்திட்டம்போலவே இருக்கிறது அல்லவா என்று கேளுங்கள், மாணவிகள் சிரிப்பார்கள். இது போதாது என்று அவருக்குச் சீக்கிரமே தெரிந்தது. நிறுவனத்தின் ஆயத்தப் பிரிவை, அதாவது சின்னப் பிள்ளைகள் படித்த பிரிவை, சீரமைக்க வேண்டி வந்தபோது, அதைப் பயிற்சி மாணவர்கள் கையிலேயே கொடுத்தார். பாடம் நடத்துவதும் வகுப்பைக் கட்டி மேய்ப்பதும் அவர்கள் பொறுப்பு. தினமும் வழிகாட்டுதல், தினமும் திருத்தம். இந்த "தினமும்" என்பதைக் கரும்பலகையில் பெரிதாக எழுதுங்கள்.

எழுதிவிட்டு, பேசுவதை நிறுத்திச் செய்து காட்டுங்கள். நான் செய்யும் முறை இது. ஒரு மாணவியைக் கூப்பிட்டு, முன்தயாரிப்பு இல்லாமல் "அரை" என்ற பின்னத்தை நான்கு நிமிடம் நடத்தச் சொல்வேன். மற்றவர்கள் மூன்றாம் வகுப்புப் பிள்ளைகள். பெரும்பாலும் அவள் கரும்பலகைப் பக்கம் திரும்பி, ஒன்றின் கீழ் இரண்டு என்று எழுதி, "புரிந்ததா?" என்று கேட்பாள். எல்லோரும் "புரிந்தது மேடம்" என்று கோரஸாகச் சொல்வார்கள். நான்கு நிமிடம் முடிந்ததும் மதிப்பெண் போடாமல், ஒரே ஒரு திருத்தம் மட்டும் அவளிடம் சொல்கிறேன். ஒருமுறை, "எழுதாதே, இந்தத் தாளை அவர்கள் கையில் கொடு" என்றேன். உடனே அதே பாடத்தை அதே நான்கு நிமிடம் மறுபடி நடத்தச் சொன்னேன். தாளைக் கொடுத்தாள். பிள்ளைகளாக நடித்தவர்கள் அதை மடித்தார்கள், கிழித்தார்கள். ஒருத்தி சமமில்லாமல் கிழித்துவிட்டு, "டீச்சர், இதுவும் அரையா?" என்று கேட்டாள். நடத்திக்கொண்டிருந்தவள் ஒரு நொடி திகைத்தாள். பிறகு, "வைத்துப் பார், இரண்டும் பொருந்துகிறதா?" என்றாள். அவளுக்குள் ஆசிரியர் எட்டிப் பார்த்ததை அறை முழுவதும் பார்த்தது. ஒரே நாளில், அரை மணி நேரத்தில், அதே பாடத்தைத் திருத்தி மீண்டும் நடத்த வாய்ப்புக் கிடைத்ததால் வந்தது அது. திருத்தம் மூன்று வாரம் கழித்து, மதிப்பீட்டுப் படிவத்தின் ஓரத்தில் வந்திருந்தால் வந்திருக்காது.

ஒரு கேள்வி கட்டாயம் எழும், எழாவிட்டால் நீங்களே எழுப்புங்கள். கற்றுக்குட்டிகளிடம் சின்னப் பிள்ளைகளை ஒப்படைப்பது நியாயமா? எனக்கு இதில் தெளிவான கருத்து உண்டு. பார்த்துத் திருத்த ஆள் இல்லாமல் ஒப்படைத்தால் அநியாயம். காப்பின் ஒப்படைத்துவிட்டுப் போகவில்லை, தினமும் கூடவே நின்றார். இன்று கற்பித்தல் பயிற்சிக்கு மாணவியைப் பள்ளிக்கு அனுப்பிவிட்டு, இரண்டு முறை போய்க் கையெழுத்துப் போட்டுவிட்டு வருவதை அவருடைய முறை என்று யாரும் சொல்லக் கூடாது.

பலன் என்ன? படிப்பு முடிவதற்கு வெகு முன்பே பள்ளிகள் அவருடைய பயிற்சி மாணவர்களைத் தேடி வந்து வேலைக்கு அழைத்துப் போயின.

மீதி நேரத்தில் அவருடைய குறிப்புகளிலிருந்து ஒன்றை எடுங்கள், ஒன்று போதும். நான் எடுப்பது இது: உங்கள் வகுப்பில் "மக்கு" என்ற சொல் ஒலிக்கவே கூடாது, பிள்ளைக்கு வீட்டில் சொல்லிக்கொடுத்த பெற்றோரையும் இழிவாகப் பேசக் கூடாது. பெற்றோரைச் சேர்த்துச் சொன்னாரே, அதுதான் காப்பின். எழுத்துக் கூட்டவே தடுமாறிய முதியவர்களுக்குப் பாடம் சொன்னவருக்கு, அந்த முதியவர்கள் தங்கள் பிள்ளைக்கு என்னவெல்லாம் தவறாகச் சொல்லிக்கொடுத்திருப்பார்கள் என்றும் தெரியும், எவ்வளவு ஆசையோடு சொல்லிக்கொடுத்திருப்பார்கள் என்றும் தெரியும். தன் நிறுவனத்தில் அடிக்கும் தண்டனையையும் அவர் ஒழித்தார். பிள்ளைப் பருவத்தில் ஆசிரியர் தங்களை அழைத்த சொற்களை மாணவிகள் ஆளுக்கொன்று எழுதட்டும், பெயர் வேண்டாம். தாள்களை வாங்கி நீங்கள் மட்டும் படியுங்கள். உரக்கப் படித்துக் காட்ட வேண்டாம்.

தொழிற்கல்வி பற்றி இரண்டு நிமிடம். 1876இல் ஃபிலடெல்ஃபியாவில் அமெரிக்க விடுதலையின் நூற்றாண்டுக் கண்காட்சி நடந்தது; அங்கே ரஷ்யர்கள் காட்டிய தொழிற்பயிற்சி முறை அவரை ஈர்த்தது. இந்த நகரத்தில் ஒரு கறுப்பினச் சிறுவன் தொழில் கற்கக் கூடிய இடம் சீர்திருத்த இல்லமும் சிறைச்சாலையும் மட்டுமே என்று நகரக் கல்வி வாரியத்திடம் நேரிலேயே சொன்னார். பல ஆண்டுகள் பேசிப் பேசி 1889இல் தொழிற்பிரிவைத் திறந்தார். செங்கல் கட்டுதல், தச்சு, செருப்புத் தைத்தல், அச்சு, தையல், தட்டச்சு, சமையல் எல்லாம் அங்கே நடந்தன. கிரேக்கத்தையும் கைத்தொழிலையும் எதிர் எதிராக நிறுத்திப் பட்டிமன்றம் வைக்காதீர்கள். இரண்டும் வேண்டும் என்றார், இரண்டையும் நடத்தினார்.

திருமணம் பற்றி மாணவிகள் கேட்பார்கள். 1881இல் லீவை ஜென்கின்ஸ் காப்பின் என்ற மத போதகரை மணந்தார். மணமான பின்னும் முதல்வராகத் தொடர்ந்தார். 1902இல் ஓய்வு பெற்று, பேராயராகியிருந்த கணவரோடு தென்னாப்பிரிக்காவின் கேப் டவுனுக்குப் போய் அங்கேயும் பெண்களிடையே வேலை செய்தார். பிறகு ஃபிலடெல்ஃபியாவுக்கே திரும்பினார்.

வழுக்கும் இடங்கள் சில. அமெரிக்காவில் இளங்கலைப் பட்டம் வாங்கிய முதல் கறுப்பினப் பெண் இவரல்ல. 1862இல் ஓபர்லினில் பட்டம் வாங்கிய மேரி ஜேன் பேட்டர்சனை அப்படிச் சொல்வார்கள். அவரும் பிறகு இதே ஃபிலடெல்ஃபியா நிறுவனத்தில் ஃபேனியோடு பணியாற்றினார். பால்டிமோரில் இருக்கும் காப்பின் மாநிலப் பல்கலைக்கழகத்தை இவர் தொடங்கவில்லை. அங்கே 1900இல் தொடங்கிய ஆசிரியர் பயிற்சி வகுப்பு வளர்ந்து பள்ளியானபோது, 1926இல் அதற்கு இவர் பெயரை வைத்தார்கள். இவர் நடத்திய நிறுவனம் இன்று செய்னி பல்கலைக்கழகம். இரண்டையும் குழப்பிக்கொள்ளாதீர்கள்.

கடைசி ஐந்து நிமிடம். வரைபடத்தைச் சுருட்டிவிடுங்கள். கரும்பலகையை முழுவதும் துடைத்துவிட்டு, தொடக்கத்தில் எழுதிய அந்த 6, 125 இரண்டையும் மறுபடி எழுதுங்கள். 1913 ஜனவரியில் காப்பின் இறந்தார், அந்த ஆண்டுதான் அவருடைய புத்தகம் வெளியானது. யாருக்குக் காணிக்கையாக்கியிருப்பார் என்று வகுப்பைக் கேளுங்கள். பேராயர் கணவருக்கு என்பார்கள், குவேக்கர்களுக்கு என்பார்கள், மாணவர்களுக்கு என்பார்கள். எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு, புத்தகத்தின் முதல் பக்கத்தில் இருப்பதைச் சொல்லுங்கள்: மாதம் ஆறு டாலருக்கு வேலை செய்து, நூற்று இருபத்தைந்து டாலர் சேமித்து, என் விடுதலையை வாங்கிய என் அன்புக்குரிய சேரா ஆர் கிளார்க்குக்கு.